வாசகர் கேள்வி பதில்: ராக்கபில்லி இசையும் இளையோர் கோலமும்

சென்ற இதழில் ஸ்ட்ரே கேட்ஸ் என்ற அமெரிக்க மூவர் குழுவைப் பற்றி எழுதியிருந்தோம். 1950களில் அமெரிக்காவில் கண்ட்ரி இசையும் ப்ளூஸும் கலந்து பிறந்து, பிறகு மங்கிப்போன ராக்கபில்லி இசையை 1980களில் மறுபடியும் இளையோர் காதுக்குக் கொண்டுவந்தவர்கள் அவர்கள். கட்டுரையைப் படித்துவிட்டு மலேசியாவின் சுங்கை சிப்புட் பட்டணத்திலிருந்தும் சுற்றுத் தோட்டங்களிலிருந்தும் பலர் எழுதியிருக்கிறார்கள். சிலருக்குக் குழு அமைக்க ஆசை, சிலருக்கு முடி வாரத் தெரிய வேண்டும், ஒரு தாய்க்குக் கவலை. ஒரே மாதிரியான கேள்விகளைச் சேர்த்துப் பதில் தருகிறோம்.

மூன்றே பேர். கீபோர்டு இல்லை, இரண்டாவது கித்தார் இல்லை. பாட்டு எப்படி இவ்வளவு நிறைவாகக் கேட்கிறது?
– கல்லூரி மாணவர், சுங்கை சிப்புட்

பிரையன் செட்சர் கித்தார் வாசித்துப் பாடுகிறார். லீ ராக்கர் டபுள் பாஸ் (நிறுத்தி வைத்து வாசிக்கும் ஆளுயர நான்கு தந்திக் கருவி, சுருக்கமாகப் பாஸ்), ஸ்லிம் ஜிம் ஃபேண்டம் டிரம்ஸ். நியூயார்க் மாநிலத்தில் லாங் ஐலண்டின் மாசபீக்வா ஊரில் 1979இல் சேர்ந்தார்கள், 1980இல் லண்டனுக்குப் போனார்கள். டெடி பாய் என்ற 1950களின் பிரிட்டிஷ் இளைஞர் கோலத்தையும் பழைய ராக்கபில்லியையும் விடாமல் வைத்திருந்த கூட்டம் அப்போது பிரிட்டனில் இருந்தது. முதல் இசைத்தட்டு 1981இல் அங்கேதான் வந்தது. பிரிட்டனில் வெளியான இரண்டு தட்டுகளிலிருந்து பாட்டுகளைப் பொறுக்கி 1982இல் அமெரிக்காவில் வெளியிட்ட தொகுப்பு பில்போர்டு பட்டியலில் 2ஆம் இடம் வரை ஏறியது.

நிறைவுக்குக் காரணம் பாஸ். தந்தியை இழுத்து விடும்போது அது விரல்பலகையில் அடித்து 'டக்' என்கிறது. அடுத்து உள்ளங்கை பலகையில் விழுகிறது. இதற்கு ஸ்லாப் என்று பெயர். சுரமும் தாளமும் ஒரே கருவியிலிருந்து வருவதால் டிரம்ஸ்காரர் சின்ன செட்டோடு நின்றுகொண்டு வாசிக்க முடிகிறது. எல்விஸ் பிரெஸ்லி 1954 ஜூலையில் மெம்பிஸின் சன் ஸ்டுடியோவில் பதிந்து முதலில் வெளியிட்ட பாட்டில் டிரம்ஸே கிடையாது. பில் பிளாக்கின் பாஸ்தான் அந்த வேலையைப் பார்த்தது. குழு தொடங்க நினைக்கிறவர்கள் நல்ல கித்தாரைத் தேடுவதற்கு முன்பு பாஸைத் தேடுங்கள்.

பழைய டபுள் பாஸ் ஒன்று கிடைத்திருக்கிறது, தந்திகள் துருப்பிடித்துவிட்டன. புல்வெட்டும் மெஷினின் நைலான் கயிற்றைக் கட்டலாம் என்று நண்பர் சொல்கிறார். உண்மையா, விளையாட்டா?
– செம்பனைத் தோட்ட ஊழியர், சுங்கை சிப்புட் வட்டாரம்

உண்மைதான், அண்ணே. வெளிநாட்டு ராக்கபில்லி பாஸ்காரர்கள் பலர் அந்தக் கயிற்றைத்தான் கட்டுகிறார்கள். எஃகுத் தந்தி கையைக் கிழிக்கும், குடல் தந்தி விலை அதிகம். நைலான் மெத்தென்று இருக்கும், அடியும் நன்றாக விழும். ஆனால் நான்கு தந்திக்கும் அது சரிப்படாது.

முக்கால் அளவு பாஸில் பாலத்துக்கும் தலைக்கட்டைக்கும் நடுவே சுமார் 106 செ.மீ. இருக்கும். ஜி தந்திக்கு 2.0 மி.மீ. கயிறு போட்டால் இழுவிசை 16 கிலோவை ஒட்டி நிற்கும். டி தந்திக்கு 2.7 மி.மீ. போட்டாலும் அதே அளவு வரும். இரண்டும் கைக்கு இதமானவை. ஏ தந்திக்கு 3.3 மி.மீ. தேவை. இழுவிசை 13 கிலோவுக்குக் கொஞ்சம் மேலே நிற்கும், தளர்வாக இருந்தாலும் வாசிக்கலாம். இ தந்திக்கு 4 மி.மீ. போட்டால்கூட சுமார் 11 கிலோதான் வரும். தந்தி தொளதொளவென்று ஆடும், சுரம் தெளியாது. அதனால் இ தந்திக்கு மட்டும் இசைக்கருவிக் கடையில் சுற்றுக்கம்பித் தந்தி வாங்கிக்கொள்ளுங்கள். முடிந்தால் ஏ தந்திக்கும்.

கயிறு உருண்டையாக இருக்க வேண்டும். சதுரம், நட்சத்திரம், முறுக்கு வடிவக் கயிறுகள் புல்லை வெட்டுவதற்கென்றே செய்தவை. விரலையும் அப்படியே வெட்டும். புதுச் சுருளிலிருந்து ஒவ்வொன்றும் 2 மீட்டருக்குக் குறையாமல் எடுத்து, அடியில் எடை கட்டி ஓர் இரவு தொங்கவிடுங்கள். சுருள் நிமிரும். தடிமன் இடத்துக்கு இடம் மாறினால் சுரம் பொய் பேசும். நகத்தால் வருடிப் பார்த்து, மேடு பள்ளம் தட்டுகிற துண்டை ஒதுக்குங்கள்.

கட்டும்போது ஒன்றை மறக்காதீர்கள்: பழைய தந்திகளை ஒரேயடியாகக் கழற்றக் கூடாது. பாலத்தையும் உள்ளே இருக்கும் ஒலித்தூணையும் தந்திகளின் அழுத்தம்தான் நிற்க வைக்கிறது. எல்லாவற்றையும் தளர்த்தினால் தூண் உள்ளே விழுந்து உருளும், அதை மறுபடி நிறுத்த கைதேர்ந்தவர் வேண்டும். ஒன்றைக் கழற்றி, ஒன்றைக் கட்டி, ஓரளவு முறுக்கிய பிறகே அடுத்ததைத் தொடுங்கள். வால்கட்டையில் எட்டு வடிவ முடிச்சுப் போட்டு, நுனியைத் தீயில் உருக்கி மொட்டாக்குங்கள். இல்லாவிட்டால் முடிச்சு நழுவும். முறுக்காணியில் முதல் சுற்று கயிற்றின் நுனியை மிதித்துக்கொண்டு போகட்டும், மொத்தம் நான்கு சுற்றாவது வேண்டும். தலைக்கட்டையிலும் பாலத்திலும் எஃகுத் தந்திக்கு வெட்டிய பள்ளம் குறுகலாக இருக்கும். உருண்டை அரத்தால் அகலப்படுத்தி, பென்சில் கரி தேயுங்கள்.

முதல் நாள் சுருதி நிற்கவே நிற்காது. நைலான் பல நாள் நீண்டுகொண்டே போகும். காலையும் மாலையும் முறுக்கிவிடுங்கள், அது அடங்கும் வரை நிகழ்ச்சிக்கு ஒப்புக்கொள்ள வேண்டாம். விரல்பலகையின் கீழ்முனையில் ஜி தந்திக்கு 7 அல்லது 8 மி.மீ., இ தந்திக்கு 10 அல்லது 11 மி.மீ. உயரம் இருக்கட்டும். அதற்குக் கீழே போனால் தளர்ந்த தந்தி பலகையில் உரசி இரையும்.

ஸ்லாப் அடிக்கும்போது கை கொப்பளிக்கிறது, வேகமும் வரவில்லை.
– பாஸ் பழகும் இளைஞர், பஹாவ்

தந்தியைக் கிள்ளுகிறீர்கள் என்று நினைக்கிறோம். ஆட்காட்டி விரலும் நடுவிரலும் தந்தியின் அடியில் கொக்கியாக நுழைந்து, பலகையிலிருந்து வெளிப்பக்கமாக இழுத்து விட வேண்டும். இழுப்பது முன்கை, விரல் சும்மா கொக்கி. 1, 2, 3, 4 என்ற எண்ணிக்கையில் இழுப்பு, இடையில் உள்ளங்கை அடி. நிமிடத்துக்கு 80 என்ற வேகத்தில் இழுப்பும் அடியும் ஒரே சத்தத்தில் கேட்கும் வரை ஏறாதீர்கள். இரட்டை அடியும் மும்மை அடியும் அதன் பிறகுதான். கொப்புளம் வரும் இடத்தில் மருந்துக்கடைத் துணி பிளாஸ்டரை முன்கூட்டியே சுற்றுங்கள். கொப்புளம் உடைந்தபின் சுற்றினால் பசை புண்ணில் ஒட்டும்.

எங்கள் கித்தார் எக்கோ வீட்டில் அருமையாக இருக்கிறது. தோட்ட மண்டபத்தில் எல்லாம் குழம்பிப்போகிறது. என்ன செய்வது?
– இளைஞர் இசைக்குழு, சுங்கை சிப்புட்

மண்டபமே ஓர் எக்கோ மெஷின் என்பதால்தான் இது நடக்கிறது. ராக்கபில்லியின் ஒற்றை எக்கோ சன் ஸ்டுடியோவின் சாம் பிலிப்ஸ் இரண்டு டேப் மெஷின்களை வைத்து உண்டாக்கியது. பதிவு ஆகும் முனைக்கும் திரும்பப் படிக்கும் முனைக்கும் இடையில் டேப் ஓடுகிற நேரம்தான் அந்தத் தாமதம். டிலே பெடலில் 100 முதல் 140 மில்லிசெகண்ட், திரும்ப வருவது ஒரே முறை, கலவை மூன்றில் ஒரு பங்கு என்று வைத்தால் அந்தச் சத்தம் வரும்.

இப்போது மண்டபத்தைக் கணக்குப் பாருங்கள். நம் வெப்பத்தில் ஒலி ஒரு செகண்டில் ஏறக்குறைய 350 மீட்டர் போகிறது. மேடையிலிருந்து பின்சுவர் 20 மீட்டர் என்றால் போய்த் திரும்ப 40 மீட்டர், அதாவது 115 மில்லிசெகண்ட். சிமெண்டுச் சுவரும் துத்தநாகக் கூரையும் உங்கள் பெடல் செய்யும் அதே வேலையைச் செய்துகொண்டிருக்கின்றன. இரண்டும் ஒன்றன்மேல் ஒன்று ஏறினால் சொல்லும் புரியாது, சுரமும் புரியாது. முதலில் பெடலை அணைத்துவிட்டு வாசியுங்கள். வெறுமையாகத் தோன்றினால் கலவையைப் பத்தில் ஒரு பங்கிலிருந்து மெல்ல ஏற்றுங்கள். பின்சுவரில் கனத்த திரையோ கோணிப்பையோ தொங்கவிட்டால் பாதித் தொல்லை தீரும். ஆட்கள் நிறைந்தபின் எதிரொலி குறையும் என்பதால், காலியான மண்டபத்தில் சரிபார்த்த அளவை முதல் பாட்டு முடிந்ததும் ஒருமுறை திருத்துங்கள்.

டிஸ்டார்ஷன் பெடல் வேண்டாம். ஆம்ப்ளிஃபையர் மெல்ல உடையத் தொடங்கும் வரை ஒலியை ஏற்றி, அங்கேயே நிறுத்துங்கள். செட்சர் கையில் இருப்பது 1959ஆம் ஆண்டின் கிரெட்ச் 6120. அது இல்லையே என்று ஏங்க வேண்டாம், உள்ளே பாதி குடைந்த எந்தக் கித்தாரும் போதும். தந்தி 10 முதல் 46 வரையிலான செட் (அங்குலத்தில் ஆயிரத்தில் ஒரு பங்கு கணக்கு).

பாஸுக்கு மலிவான பித்தளை வட்டு பிக்கப்பை ஒட்டி நேராக மிக்சரில் செருகுகிறவர்கள் உண்டு. சத்தம் தகரம் போல வரும். அந்த வட்டுக்கு மிக உயர்ந்த உள்ளீட்டுத் தடை தேவை, குறைந்தது 1 மெகா ஓம். நடுவில் ஒரு ப்ரீஆம்ப் வைத்தால்தான் அடிச்சுரம் இறங்கி வரும். ஊளையிட்டால் 40 ஹெர்ட்ஸுக்குக் கீழே உள்ளதை வெட்டிவிட்டு, பாஸை ஒலிபெருக்கிக்குப் பக்கவாட்டில் திருப்பி நில்லுங்கள்.

நின்றுகொண்டே டிரம்ஸ் வாசிக்க சாதாரண செட் போதுமா?
– டிரம்ஸ்காரர், கோலாகங்சார்

பேஸ் டிரம், ஸ்னேர், ஒரு சிம்பல் போதும். சாதாரண ஸ்னேர் ஸ்டாண்ட் இடுப்புக்கு எட்டாது, உயரமான ஸ்டாண்ட் தேவை. உடல் எடை முழுதும் இடது காலில் நிற்கும், வலது கால் பெடலுக்கு. சிமெண்டுத் தரையில் பேஸ் டிரம் ஊர்ந்து முன்னே ஓடும், அடியில் கம்பளம் விரியுங்கள்.

காலையில் தூக்கி வாரிய முடி பத்து மணிக்குள் விழுந்துவிடுகிறது. எந்தப் பொமேட் நல்லது?
– மோட்டார் சைக்கிள் பட்டறை ஊழியர், சுங்கை சிப்புட்

தம்பி, பெயரைவிட வகை முக்கியம். தண்ணீரில் கரையும் வகை கழுவச் சுலபம். ஆனால் வியர்வையும் தண்ணீர்தான், நெற்றி நனைந்ததும் அது இளகிவிடும். எண்ணெய் வகை வியர்வைக்கு அசையாது. வாசலின் அதிகமாக இருந்தால் தலைச்சூட்டில் நெகிழும், தேன்மெழுகு அதிகமாக இருந்தால் நிற்கும். தேன்மெழுகு உருக 62 டிகிரிக்கு மேல் வேண்டும்.

வீட்டிலேயே செய்யலாம். தேன்மெழுகு 30 கிராம், வாசலின் 40 கிராம், ஆமணக்கெண்ணெய் 20 கிராம். கொதிநீர்ப் பாத்திரத்துக்குள் இன்னொரு பாத்திரம் வைத்து மெழுகை முதலில் உருக்கி, மற்ற இரண்டையும் சேர்த்துக் கிளறி, டப்பாவில் ஊற்றி, அறையிலேயே ஆறவிடுங்கள். நேரடித் தீயில் வைத்தால் மெழுகு கருகும், தீப்பிடிக்கவும் கூடும். ஆமணக்கெண்ணெய்க்குப் பதில் தேங்காய் எண்ணெய் ஊற்றுகிறவர்கள் கலவை இளகுவதாகச் சொல்வார்கள். அது 24 டிகிரியிலேயே உருகிவிடும், நம் ஊரில் கெட்டியாக இருக்கவே இருக்காது.

பூசுவதற்கு முன்னால் செய்கிற வேலையில்தான் பாதி வெற்றி. தலையில் எண்ணெய் இருக்கக் கூடாது. குளித்துத் துவட்டி, லேசான ஈரம் இருக்கும்போது முன்முடியை வேரிலிருந்து மேலும் பின்னுமாகத் தூக்கிப் பிடித்து, சுடுகாற்றில் உலர்த்தி, கடைசியில் குளிர்காற்று கொடுங்கள். முடி அப்போதே நிற்க வேண்டும், பொமேட் அதைக் காவல் காக்கத்தான். ஒரு பட்டாணி அளவை உள்ளங்கையில் தேய்த்துச் சூடாக்கி, பின்னாலிருந்து முன்னுக்குப் பூசுங்கள். அதிகம் பூசினால் பாரத்திலேயே சரியும். ஹெல்மெட்டுக்கு எந்த வகையும் முழுசாகத் தப்பாது, சட்டைப்பையில் சீப்பு வைத்துக்கொள்ளுங்கள்.

முடிதிருத்துபவரிடம் சொல்ல வேண்டியது: முன்னால் 10 முதல் 12 செ.மீ., உச்சியில் 7 செ.மீ., பக்கங்கள் கத்தரியால் 2 செ.மீ. அளவுக்குச் சரிந்து வரட்டும். பக்கத்தை வெள்ளையாகச் சிரைப்பது இந்தக் காலத்துப் பாணி, 1950களின் கோலம் அதில் வராது. சுருட்டை முடிக்காரர்கள் நேராக்க வேண்டாம். நெற்றியில் ஒரு சுருள் விழ விடுவது அந்தக் காலத்திலேயே இருந்த அழகு.

எண்ணெய்ப் பொமேட்டைக் கழுவ, காய்ந்த தலையில் முதலில் கொஞ்சம் எண்ணெய் தேய்த்து இளக்கி, பிறகு ஷாம்பு இரண்டு முறை. தண்ணீரை முதலில் ஊற்றினால் பிசுக்கு இறுகும். நெற்றியில் பரு வந்தால் தலையணை உறையை அடிக்கடி மாற்றுங்கள்.

நான் நான்காம் படிவம் படிக்கிறேன். இந்த முடியோடு பள்ளியில் விடுவார்களா?
– மாணவர், சுங்கை சிப்புட்

விட மாட்டார்கள். முன்முடி விதிக்குள் இருக்கும் வரை பக்க வகிடெடுத்து வாருங்கள். ஐந்தாம் படிவத்து எஸ்.பி.எம். தேர்வு முடியட்டும், முடி எங்கும் போய்விடாது.

கிரீப்பர் காலணியின் அடி ஒட்டுகிறது, கருக்கிறது. போலியா?
– பழைய துணிக்கடை வைத்திருப்பவர், தைப்பிங்

ஒட்டுகிறது என்றால் பெரும்பாலும் அசல்தான். இந்தக் கேள்விக்குப் பதில் சொல்ல ரப்பர் தோட்டத்துக்காரர்களைவிடப் பொருத்தமானவர்கள் கிடையாது. இங்கிலாந்தின் ஜார்ஜ் காக்ஸ் நிறுவனம் 1949இல் கொண்டுவந்த அந்தத் தடித்த அடிக்கு ஆதாரம் கிரேப் ரப்பர். பாலை ஆசிட் விட்டு உறைய வைத்து, வரிவெட்டிய உருளைகளில் தண்ணீர் விட்டு நசுக்கி, புகை போடாமல் காற்றில் உலர்த்தினால் கிடைப்பது கிரேப். மெல்லிய தாள்களை ஒன்றன்மேல் ஒன்று அழுத்தி அடியாக்குவார்கள். டெடி பாய்கள் லண்டன் தெருவில் அதை மாட்டிக்கொண்டு திரிந்த நாளில், உலகின் பெரும் ரப்பர் உற்பத்தி நாடுகளில் மலாயாவும் ஒன்று. விடியற்காலையில் நம் பாட்டிமார் மரம் சீவியது இந்தப் பாலுக்குத்தான். இந்தக் காலணியை இரவல் நாகரிகம் என்று யாராவது ஏளனம் செய்தால், எங்களுக்குக் கோபம் வருகிறது.

கந்தகம் சேர்த்து வேக வைக்காத பச்சை ரப்பர் என்பதால்தான் அது ஒட்டுகிறது. சூட்டில் இளகும், தூசியை இழுக்கும். பெட்ரோலும் இஞ்சின் எண்ணெயும் பட்டால் ஊதிக் கூழாகும். பட்டறைக்கும் பெட்ரோல் நிலையத்துக்கும் போட்டுப் போகாதீர்கள், காரின் பின்கண்ணாடி அடியில் வைக்காதீர்கள். அழுக்கைத் தேய்த்தெடுக்கக் கம்பித் தூரிகை, மிதமான சோப்புத் தண்ணீர் போதும். தின்னர், டர்ப்பன்டைன் கூடாது. நிழலில் காயவைத்து, ஒட்டும் இடத்தில் முகப்பவுடர் தூவுங்கள். அடி பிரிந்தால் இரண்டு பக்கமும் பழைய பசையைத் தேய்த்தெடுத்து, கான்டாக்ட் பசை பூசி, விரலில் ஒட்டாத அளவுக்குப் பத்துப் பதினைந்து நிமிடம் காய்ந்தபின் அழுத்துங்கள். ஈரப்பசையோடு அழுத்தினால் மறுபடி பிரியும்.

மேல்பாகம் சுவேட் தோலானால் மழைக்காலத்தில் பூஞ்சை பூக்கும். வினிகரும் தண்ணீரும் சம அளவு கலந்து துணியால் ஒற்றி, உள்ளே செய்தித்தாள் திணித்து வையுங்கள்.

பண்டல் கடையில் (பழைய துணிக்கடையில்) எதைத் தேடுவது?
– வாசகி, சுங்கை சிப்புட்

திறந்த காலர், முன்பக்கம் வேறு நிறப் பட்டை, முதுகில் மடிப்பு உள்ள பவுலிங் சட்டை. ரேயான் துணி நம் வெயிலுக்கு ஏற்றது, பாலியஸ்டர் வேகும். வினிகர் ஒரு கோப்பை கலந்த வாளித் தண்ணீரில் அரை மணி ஊறவைத்தால் மக்கல் வாடை போகும். ரேயான் நனைந்தால் பலமிழக்கும், பிழியாதீர்கள். கிடைக்காவிட்டால் தையற்கடையில் கொடுங்கள்: 44 அங்குல அகலத் துணியில் உடலுக்கு ஒன்றரை மீட்டர், பட்டைக்கு முக்கால் மீட்டர். ஜீன்ஸின் மடிப்பு 4 அல்லது 5 செ.மீ. நீளமான டிரேப் கோட்டு குளிர்நாட்டுக்கானது, இங்கே வேண்டாம்.

என் மகன் இந்தக் கோலத்தில் நண்பர்களோடு திரிகிறான். இது ஏதும் கும்பல் அடையாளமா? பயமாக இருக்கிறது.
– ஒரு தாய், தோட்டக் குடியிருப்பு

அம்மா, உங்கள் பயம் நியாயமானது. இந்தக் கோலத்துக்கும் நம் பக்கத்துக் கும்பல்களுக்கும் தொடர்பு கிடையாது. வாரம் தவறாமல் ஒத்திகைக்குப் போகிறானா, கூட இருப்பவர்கள் யார், பணம் எங்கிருந்து வருகிறது என்று பாருங்கள். முடியைப் பார்த்து முடிவு செய்யாதீர்கள்.

ஆனால் கறையே இல்லை என்று உங்களிடம் பொய் சொல்ல மாட்டோம். 1958இல் லண்டனின் நாட்டிங் ஹில்லில் கரீபியக் கறுப்பர்களைத் தாக்கிய கூட்டத்தில் டெடி பாய்களும் இருந்தார்கள். இன்றும் சில ராக்கபில்லி பனியன்களில் சிவப்புத் துணியில் நீலப் பெருக்கல் குறியும் வெள்ளை நட்சத்திரங்களும் கொண்ட கொடி இருக்கும். அடிமை முறையைக் காக்க 1861 முதல் 1865 வரை போரிட்ட அமெரிக்கத் தென்மாநிலங்களின் போர்க்கொடி அது. மகன் சட்டையில் அது இருந்தால் உட்கார வைத்துச் சொல்லுங்கள். இந்த இசையின் பாதி ரத்தம் கறுப்பர்களின் ப்ளூஸ். எல்விஸின் அந்த முதல் பாட்டே ஆர்தர் கிரடப் என்ற கறுப்பின ப்ளூஸ் பாடகருடையது. கூலியாகக் கப்பலேறி வந்தவர்களின் பேரப்பிள்ளைகள் அந்தக் கொடியை நெஞ்சில் போடக் கூடாது.

தமிழில் ராக்கபில்லி பாட முடியுமா?
– உறுமி மேளக் குழுவினர், சுங்கை சிப்புட்

உங்களைவிட யாருக்கு முடியும்? இதன் நடை பெரும்பாலும் ஷஃபிள். ஒரு தட்டை மூன்றாகப் பிரித்து முதலும் மூன்றாவதும் ஒலிப்பது, அதாவது 'தகிட'வில் 'கி'யை விழுங்குவது. திஸ்ர நடையில் ஊறிய கைக்கு அது ஒரு மாலை வேலை. வேகம் ஏற ஏற மூன்றின் வளைவு நிமிர்ந்துவிடும், அதற்கும் பழகுங்கள். 1950களில் நடிகர் சந்திரபாபு, குரலை உடைத்து ஏற்றி இறக்கிப் பாடும் யோட்லிங்கைத் தமிழில் பாடிக் காட்டினார். பினாங்கின் ஆலிகேட்ஸ் குழுவில் லோகநாதன், டேவிட் ஆறுமுகம் சகோதரர்கள் நாட்டையே பாட வைத்தார்கள். வாய்க்கு எட்டாதது ஒன்றும் கிடையாது.

பன்னிரண்டு பார் (ஒரு பார் என்பது நான்கு தட்டு) கணக்கு இ சுரத்தில் இப்படி: இ நான்கு பார், ஏ இரண்டு, இ இரண்டு, பி7 ஒன்று, ஏ ஒன்று, இ இரண்டு. முதல் வரியைப் பாடி, அதையே திரும்பப் பாடி, மூன்றாவது வரியில் பதில் சொல்லுங்கள். மோனை எழுத்தைப் பாரின் முதல் தட்டில் நிறுத்துங்கள், ஆங்கிலப் பாட்டின் அழுத்தம் தானாகத் தமிழில் வரும். வினைமுற்று நீண்டு வரியைத் தாமதப்படுத்துவதுதான் தமிழில் வழக்கமாக வரும் இடர். 'போய்க்கொண்டிருக்கிறேன்' என்று எழுதாமல் 'போறேன்' என்று பேச்சுத்தமிழில் எழுதுங்கள். ஒவ்வொரு வரியும் இரண்டு பாருக்குள் முடியட்டும், மீதி இரண்டு பார் கித்தாருக்கு. கைபேசியில் பதிந்து கேளுங்கள். குரல் மூன்றாவது பாருக்குள் நுழைந்தால் அந்த வரியில் ஓர் அசையை வெட்டுங்கள்.